குழாயடிச் சண்டைக்கு இரண்டு பேர்

ஐப்பசி 3, செவ்வாய்

காலையிலிருந்து தூறல். துணி காயவில்லை. இட்லிக்கு ஊற வைக்க மறந்தாயிற்று.

கல்வராயன் மலையில் பாட்டு எடுத்த சினிமாக்காரர்கள் இப்போது எங்கள் தெருக் குழாயடியில். இரண்டு பெண்கள் சண்டை போடுகிற காட்சியாம். தெருப் பெண்களே போதுமாம். கண்ணாடி போட்ட உதவி இயக்குநர் நேராக என் வாசலுக்கு வந்தான். "அக்கா, நீங்களும் எதிர் வீட்டு செல்வியக்காவும்."

இத்தனை பேர் இருக்க, எங்கள் பெயரை யார் கொடுத்தது? செல்வியாகத்தான் இருக்கும். பேச்சு நின்று வருஷமாகிறது. அவள் மகள் சடங்கில் என் சீர்த்தட்டைக் கடைசியில் வைத்தாள். வேண்டுமென்றேதான்.

அவள் ஏற்கெனவே சரி என்றுவிட்டாளாம். நான் மட்டும் பயந்து ஒதுங்குவதா? நானும் சரி என்றேன்.

ஐப்பசி 4, புதன்

தூறல் விட்டது. வெள்ளிக்கிழமை என் மகள் தேவியைப் பெண் பார்க்க வருகிறார்கள். ரவை, சர்க்கரை, பூ சொல்ல வேண்டும்.

ஒத்திகை. முடியைப் பிடிக்க வேண்டுமாம், குடத்தை உதைக்க வேண்டுமாம். சீரியலிலும் இதே கூத்து. ஒருத்தி பாலில் எதையோ கலக்கிறாள், இன்னொருத்தி மாடிப்படியில் எண்ணெய் ஊற்றுகிறாள். எண்ணெய் விற்கிற விலைக்கு!

எங்களுக்குச் சண்டை என்றால் ஜாடைதான். அவள் கோழியைத் திட்டுவாள், எனக்கு வந்து சேரும். நான் குடத்தைத் திட்டுவேன். சொல்லிப் பார்த்தேன். "அதெல்லாம் கேமராவுல தெரியாதுக்கா" என்றான் கண்ணாடி. "வசனம் கிடையாது. சொந்தமா, நல்லா உறைக்கிற மாதிரி திட்டுங்க."

உறைக்கிற மாதிரி சொல்ல செல்வியிடம் ஒன்று இருக்கிறது. உளுந்தூர்பேட்டையில் தேவிக்குப் பேசி, தட்டு மாற்றும் முன் மாப்பிள்ளை வீட்டாரே வேண்டாம் என்று போன விஷயம். தெருவில் செல்விக்கு மட்டும்தான் தெரியும். அன்றைக்குக் கூட வந்தவள். நாளைக்கு எல்லோரும் நிற்பார்கள், வெள்ளிக்கிழமை வருகிற மாப்பிள்ளையின் பின்தெரு அத்தையும். இதற்காகத்தான் ஒப்புக்கொண்டாளோ?

சோறு இறங்கவில்லை.

ஐப்பசி 5, வியாழன்

வெயில். ஏகக் கூட்டம். அத்தை முன்வரிசையில், முக்காலி போட்டு.

முதலில் செல்வி. கிட்டே வந்தாள். கண்ணை உருட்டினாள். உளுந்தூர்பேட்டைதான் வரப் போகிறது என்று நினைத்தேன்.

"இன்னாக்கா மொறச்சிக்கினு நிக்கிற? ஒரு மோர்க்கொழம்பு வெக்கத் தெரியுமா ஒனக்கு? ஒங்கொழம்பத் தின்னுட்டு எங்கூட்டு நாய் கொலைக்கவே மாட்டேங்குது!"

கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது. அத்தையும்தான். இயக்குநர் தலையில் அடித்துக்கொண்டார். "உறைக்கவே இல்லம்மா!"

அடுத்து நான். அவளைப் பற்றி எனக்கும் ஒன்று தெரியும், சொன்னால் தெருவில் தலை நிமிர முடியாது. வாயைத் திறந்தேன். அது வரவில்லை. கோபமா அழுகையா, தெரியவில்லை. கையை ஓங்கிக்கொண்டு கத்திவிட்டேன்.

"நாளைக்கிப் பொண்ணு பாக்க வராங்கடி! நீ அங்கியே குந்திக்கினு இருந்தா எம் பொண்ணுக்கு எவடி தல வாரிவுடுவா? வந்து தொலைடி!"

இயக்குநருக்கு ஒரே குஷி. "சூப்பர்! அந்த மூஞ்சில இருக்கற கோவம்தான் வேணும். பேச்ச டப்பிங்ல மாத்திக்கலாம்."

ஆக, படத்தில் யாரோ ஒருத்தி குரலில் நான் செல்வியைக் கண்டபடி திட்டப் போகிறேன். ஊரெல்லாம் பார்க்கும். நினைத்தாலே பற்றிக்கொண்டு வருகிறது.

செல்வி குடத்தைத் தூக்கிக்கொண்டு போனாள். பெயர் கொடுத்தது பால்காரராம், அவள் இல்லை. சரி. இருந்தாலும் உளுந்தூர்பேட்டையை ஏன் சொல்லாமல் விட்டாள்? எதையாவது மனதில் வைத்திருப்பாள். வருவாளா?

ஐப்பசி 6, வெள்ளி

மூட்டம். கேசரிக்கு முந்திரி கம்மி.

கோலம் போடும் முன்பே செல்வி வந்துவிட்டாள். என்னோடு பேச்சு இல்லை. நேராக உள்ளே போய்த் தேவிக்குத் தலை வாரினாள். பின்னிக்கொண்டே காதில் ஏதோ சொன்னாள். தேவி சிரித்தாள். உளுந்தூர்பேட்டைக்குப் பிறகு அவள் அப்படிச் சிரித்து நான் பார்க்கவில்லை.

என்னடி சொன்னாள் என்று கேட்டேன். சொல்ல மாட்டேன் என்கிறாள்.