உடனடியாகப் பொறுப்பேற்கவும்

அண்ணே,

இன்று காலை அண்ணி ஒரு பழுப்பு உறையைக் கொண்டுவந்து என் வீட்டு மேசைமேல் வைத்தார். வழக்குக் காகிதங்களை நீங்கள் அடுக்கிவைத்திருந்த பட்டுப்புடவை அட்டைப்பெட்டியும் அவர் இடுப்பில் இருந்தது. உறைக்குள் நம் அலுவலகத்தின் ஆணை. ஓய்வு பெற்று ஒன்பது ஆண்டுகளும் இறந்து ஏழு மாதங்களும் ஆன உங்களைக் கண்காணிப்பாளராக முன்தேதியிட்டு உயர்த்தியிருக்கிறார்கள். கடைசிப் பத்தியில், காலதாமதமின்றி உடனடியாகப் பொறுப்பேற்று அறிக்கை அனுப்புமாறு உங்களுக்கு உத்தரவு. ஏதோ பழைய பதவி உயர்வு ஆணையை எடுத்துப் பெயரை மட்டும் மாற்றியிருக்கிறார்கள். தட்டச்சு செய்தவர் படிக்கவில்லை, சரிபார்த்தவர் படிக்கவில்லை, கையெழுத்திட்டவருக்குப் படிக்கும் வழக்கமே இல்லை.

அண்ணி ஒன்றே ஒன்றுதான் கேட்டார்: "அவரு மேல தப்பு இல்லன்னு இதுல எங்கனா போட்டுகீதா தம்பி?"

எங்கும் இல்லை. நீதிமன்றத் தீர்ப்புக்கு இணங்க, இதனை முன்னுதாரணமாகக் கொள்ளலாகாது என்ற நிபந்தனையுடன், என்று மட்டுமே இருந்தது.

நீங்கள் கேட்டதோ அதைத்தான். களம்பூர் அரிசி ஆலை ஆய்வறிக்கையைத் தாமதப்படுத்தியதாக உங்கள்மேல் குற்றச்சாட்டுக் குறிப்பாணை வந்தது. விசாரணையில் ஒன்றும் நிரூபணமாகவில்லை, குற்றச்சாட்டு கைவிடப்பட்டது. ஆனாலும் பதவி உயர்வுப் பட்டியலில் உங்கள் பெயர் விடுபட்டு, பணியில் உங்களுக்கு இளையவர் ஒருவர் மேலே போனார். உதவியாளராகவே ஓய்வு பெற்றீர்கள். வழியனுப்பு விழாவில் போட்ட மாலையை மடித்துப் பையில் வைத்தபடி என்னிடம் சொன்னீர்கள்: "நாற்காலி வேணாம் தம்பி. நான் தப்பு செய்யலன்னு ஒரு வரி எழுதிக் குடுத்தா போதும்."

பிறகு நீங்கள் விடியலில் சென்னைப் பேருந்து ஏறிய நாட்களுக்குக் கணக்கில்லை. முதல் முறை நீதிமன்றம் உங்கள் கோரிக்கையைப் பரிசீலிக்கச் சொன்னது. பரிசீலித்தோம்; நிராகரித்தோம். மறுபடியும் போனீர்கள். அதற்கும் பதில் மனு தயாரானது. பரிசீலி என்ற சொல்லை எங்கள் அலுவலகம் எப்படிப் புரிந்துகொள்கிறது என்பதை நீதிபதிகள் இன்னும் அறிந்துகொள்ளவில்லை போலும்.

அந்தப் பதில் மனுவை எழுதியவன் நான். "மனுதாரரின் பணிப்பதிவேட்டில் குற்றச்சாட்டு கைவிடப்பட்டமைக்கான பதிவு ஏதும் காணப்படவில்லை." அந்த வாக்கியத்தில் ஒரு சொல்லும் பொய்யில்லை. அதுதான் அருவருப்பு. அந்தப் பதிவைச் செய்யவேண்டியிருந்தவனும் நானே.

குற்றச்சாட்டைக் கைவிட்ட ஆணை வந்த வாரம் பணிப்பதிவேடுகள் என் பொறுப்பில் இருந்தன. பேனாவைத் திறந்தபோது, அன்றைய கண்காணிப்பாளர் வெற்றிலையை மடித்துக்கொண்டே, "இன்னாத்துக்கு ஜல்தி? புரமோஷன் பேனல் முடியட்டும், அப்பால எழுதிக்கலாம்," என்றார். உங்களைத் தாண்டி மேலே போன அந்த இளையவர் அவருக்கு வேண்டியவர் என்பது எனக்குத் தெரியும். பேனாவை மூடினேன். பட்டியல் முடிந்தது, நானும் எழுதவில்லை. யாரும் என்னை மிரட்டவில்லை. முதுகலைத் தமிழ் படித்த ஒருவன் ஒரு வரி எழுதாமல் இருந்தான், அவ்வளவுதான்.

மனுவின் நகல் கிடைத்த மறுநாள் நீங்கள் அலுவலகத்துக்கு வந்தீர்கள். ஆளுக்கொரு தேநீர் சொல்லிவிட்டு, என் எதிரில் அமர்ந்து சிரித்தீர்கள். "வக்கீலே ஆடிப்பூட்டாரு தம்பி. நம்ம ஆபீசுல இப்பிடி எழுத ஒரே ஆளுதான் கீறான்." பதிவேடு யார் பொறுப்பில் இருந்தது என்று நீங்கள் கேட்கவில்லை. இருபது ஆண்டுகள் அடுத்தடுத்த மேசையில் இருந்தவர். கேட்டுத் தெரிந்துகொள்ள அதில் உங்களுக்கு என்ன இருந்தது?

இரண்டாம் முறை என் வாக்கியமே வென்றது. மூன்றாம் முறை ஒரு நீதிபதி மூலக்கோப்பையே வரவழைத்துப் பார்த்தார். குற்றச்சாட்டைக் கைவிட்ட ஆணை அதிலேயே பத்திரமாக இருந்தது. உங்கள் பக்கம் தீர்ப்பு வந்தது, மேல்முறையீடு செய்யலாமா என்று ஓராண்டு கடிதம் எழுதிக்கொண்டார்கள். நீங்கள் அரசு மருத்துவமனையில் கிடந்தபோதும் அந்தக் கடிதங்கள் மேசை மாறிக்கொண்டுதான் இருந்தன. அவற்றில் ஒன்றில் என் சுருக்கொப்பமும் உண்டு.

இவ்வளவையும் இன்று அண்ணியிடம் சொன்னேன். தெருவில் விசைத்தறி ஓடிக்கொண்டிருந்ததால் ஒரு இடத்தில் இரண்டு முறை சொல்லவேண்டியிருந்தது. அவர் அழவில்லை. பெட்டியைத் திறந்து, அடியிலிருந்து ஒரு வெள்ளைத் தாளை எடுத்து என் முன்னால் வைத்தார்.

"எழுது. உன் பேரு, இன்னிக்கித் தேதி, எல்லாம் போட்டு எழுது."

இரண்டு படிகளாக எழுதினேன். குற்றச்சாட்டு கைவிடப்பட்ட ஆணை இன்ன வாரம் என்னிடம் வந்தது, தெரிந்தே பதியவில்லை, இவர்மீது எந்தத் தவறும் இல்லை. என் வாழ்நாளில் இவ்வளவு மோசமான நடையில் நான் எதையும் எழுதியதில்லை. அண்ணி உரக்கப் படிக்கச் சொன்னார். படித்து முடித்ததும், "இத ஆபீசுல குடுப்பியா, இல்ல எனக்குக் காட்டத்தான் எழுதினியா?" என்று கேட்டார். எனக்கு ஓய்வுபெற இன்னும் இரண்டு ஆண்டுகள் இருப்பது அவருக்குத் தெரியும்.

ஒரு படியைப் பெட்டியில் வைத்துக்கொண்டு போய்விட்டார். மற்றொன்று என் சட்டைப்பையில் இருக்கிறது. நாளை காலை தபால் பிரிவில் கொடுத்து முத்திரை வாங்குவேன். அடுத்த வாரம் எனக்கொரு குறிப்பாணை வரும். பட்டியலில் என் பெயர் விடுபடும். அந்தக் குறிப்பாணையை எழுத யாராவது ஒரு படித்த பையனை உட்கார வைப்பார்கள். நன்றாகவே எழுதுவான்.