எமில் ப்ரான்ட்ஸின் ஜன்னல்

மார்ச் 6, வியாழன்

காலையிலிருந்து தூறல். லென்ஸ்களைத் துடைத்தேன். பற்றரிகள் சார்ஜில்.

மத்தியானம் தேம்ஸ் கரைத் தியேட்டரில் பழைய ஜெர்மன் மௌனப்படம். பாதிக் கதிரைகள் காலி. பக்கத்தில் ஒரு கிழவர், குறட்டை.

கதை சாதாரணம். ஒளிப்பதிவு அப்படியில்லை. எமில் ப்ரான்ட்ஸ். நோட்டீசின் கடைசி வரியில், பொடி எழுத்தில் பெயர். அவர் எடுத்தவற்றில் அநேகம் அழிந்துவிட்டனவாம். வேலைக்காரப் பெண்ணை வீட்டைவிட்டு அனுப்பும் காட்சி. ஒரே ஒரு ஜன்னல் வெளிச்சம். எதிர்ப்பக்கம் வெள்ளைத் துணி ஏதோ கட்டியிருக்கவேண்டும், இருண்ட கன்னத்திலும் மெல்லிய ஒளி. அவள் அழவில்லை. தொண்டை ஒருமுறை அசைகிறது. அவ்வளவுதான்.

எத்தனை வருடமாகக் கல்யாண வீடியோ எடுக்கிறேன். ஒரு முகத்தையாவது அப்படிப் பார்த்தேனா?

மார்ச் 7, வெள்ளி

ஒன்றிலும் மனம் நிற்கவில்லை. மனைவியைக் குசினி ஜன்னலருகே நிறுத்தி, எதிரே மேசைவிரிப்பைப் பிடித்துப் பார்த்தேன்.

"கறி அடிப்பிடிக்குது, விடுங்கோப்பா."

ஆனால் வந்தது, அந்த ஒளி!

ஸ்டூடியோ முதலாளி இளங்கோ அண்ணையிடம் சொன்னேன். "உந்த விளையாட்டு வேண்டாம். கலியாணப் பொம்பிளை வெள்ளையாத் தெரியவேணும். சனம் அதுக்குத்தான் எங்களிட்ட வருது."

மார்ச் 8, சனி

தோர்ண்டன் ஹீத் மண்டபம். பிரியாணி வாசம், நாதஸ்வரம், கார் நிறுத்த இடமில்லாமல் சண்டை. அண்ணை மேடையில் கமெராவோடு. மணப்பெண் தர்சி பின்னறை ஜன்னலோரம் தனியாக. தகப்பன் போன வருடம் மாரடைப்பில் தவறியவர்.

விளக்கை அணைத்தேன். கதிரையில் ஒரு வெள்ளை வேட்டியை விரித்தேன்.

"நான் என்ன செய்யோணும், அண்ணா?"

"ஒண்டும் செய்யாதேங்கோ. வெளியால பாருங்கோ."

பார்த்தாள். தாடை இறுகியது. வாய் ஏதோ சொல்ல வந்து மூடிக்கொண்டது. கமெராவை ஓடவிட்டேன்.

மார்ச் 11, செவ்வாய்

அண்ணை தர்சியின் தாயாருக்கு வீடியோவைப் போட்டுக் காட்டினார். நானும் இருந்தேன்.

"என்ர பிள்ளை ஏன் இப்பிடி இருண்டுபோய் நிக்கிறா? இது கலியாணவீடோ, செத்தவீடோ?"

அவர் போனபின் அண்ணை: "வெட்டு. இன்னொருக்கா உப்பிடிச் செய்தால் வேற ஆளைப் பாப்பன்."

வெட்டினேன். துண்டை அழிக்கவில்லை. வீட்டுக்குப் போக மனமில்லை. சும்மா ரயிலேறி லூயிஷாம் வரை போய், சந்தையில் ஒன்றும் வாங்காமல் திரும்பினேன். ப்ரான்ட்ஸிடமும் எவனாவது 'வெட்டு' என்றிருப்பான். என்ன செய்திருப்பார்?

மார்ச் 13, வியாழன்

வெயில். தலையிடி. தர்சியின் போன்.

"அம்மா ஏசின அந்தத் துண்டு இருக்கோ, அண்ணா?"

அண்ணையைக் கேட்காமலே அனுப்பினேன். பிறகு போனைக் கையிலேயே வைத்துக்கொண்டு அறைக்குள் நடை. தேத்தண்ணி ஆறிப்போனது.

திரும்பப் போன் எடுத்தாள்.

"அது அப்பான்ர முகம், அண்ணா. கோவத்தை அடக்கேக்க அப்பா அப்பிடித்தான் இருப்பார். அண்டைக்கு எனக்குச் சரியான கோவம், அவர் இல்லையெண்டு. ஒருத்தரும் காணேல்லையெண்டு நினைச்சன்."

"அம்மா?"

"காட்டினனான். திருப்பித் திருப்பிப் போடச் சொல்லுறா."