கட்டிலுக்கு அடியில் பொழுதுக்கலம்

மார்ச் 9, ஞாயிறு

வல்லம் வடகாலில் எங்கள் பட்டறை ஷெட்டில் இன்றும் கரண்ட் இல்லை. ஆளின் பொழுதை உறிஞ்சி மின்சாரமாக்கும் பொழுதுக்கலத்தை வைத்துத்தான் லேத்தை ஓட்டினோம். இன்று என் முறை. செம்புப் பிடிகளைப் பிடித்துக்கொண்டு நாற்காலியில் உட்கார்ந்தேன். கையை எடுத்தபோது மதியம் போயிருந்தது. நடுவில் சிரித்துப் பேசிக்கொண்டுதான் இருந்தேனாம், கூட வேலை செய்யும் உமாதேவி சொன்னாள். எனக்கு எதுவும் நினைவில்லை. வழக்கம்போல மூட்டை தூக்கினாற்போல ஓர் அலுப்பு மட்டும். என் மதியம் மின்சாரமாகி, ஷெட் கூட்டாளி அந்தோணிராஜின் இரும்புத்தண்டு கடைந்து முடிந்திருந்தது. சந்தோஷமாகத்தான் இருந்தது.

பொழுதுக்கலத்தைச் செய்த எங்கள் கருவியாளர் சங்கத்துக்கு ஒரே விதி: தானாக வந்து உட்காருகிறவரின் பொழுதைத் தவிர வேறு யாருடையதையும் தொடக்கூடாது. அதை எழுதியவரே தலைவர் திருநாவுக்கரசுதான்.

மார்ச் 18, செவ்வாய்

கம்பெனிப் பெண்கள் தங்கும் எங்கள் ஹாஸ்டலில் எல்லோருக்கும் அசதி. எனக்கும். "செல்போன நோண்டிகினு கெடந்தா இப்டித்தான்," என்கிறார் வார்டன் சசிகலா.

மார்ச் 27, வியாழன்

அறைத்தோழி உலகம்மாளின் அக்காவுக்குத் தென்காசியில் பெண் குழந்தை பிறந்திருக்கிறது. நேற்று சாயங்காலம் உலகம்மாள் கட்டிலில் படுத்தபடி அக்காவோடு வெகுநேரம் போனில் பேசினாள். சிரித்தாள், அழுதாள். நான் தரையில் உட்கார்ந்து சாப்பிட்டுக்கொண்டே கேட்டேன்.

இன்று காலை அதே அக்காவுக்குப் போன் போட்டு, "எப்பக்கா ஆஸ்பத்திரிக்குப் போற?" என்று கேட்டிருக்கிறாள்.

"ஏட்டி தங்கமாரி, புள்ள பொறந்தத நேத்தே சொன்னாளாம்லா! பேரு வைக்கக்கூட என்னயத்தான் கேட்டாளாம். எனக்கு ஒண்ணுமே ஞாபகம் இல்லயே. எதுவும் நோய் வந்துட்டோ?"

நோய் இல்லை. இந்த மறதி எனக்குத் தெரியும். இந்த அலுப்பும் தெரியும். அவள் கட்டிலைப் புரட்டினேன். பலகைக்கு அடியில் செம்புப் பட்டை. அதிலிருந்து ஒயர், சுவரோரமாகப் பூட்டிய ஸ்டோர் ரூமுக்குள் போகிறது. என் கட்டிலிலும் அதே பட்டை. எங்கள் ஷெட்டில் வெட்டிய பட்டை.

எழுத்து கோணுகிறது. கோணட்டும்.

மார்ச் 28, வெள்ளி

ஷிப்ட் முடிந்து நேராகத் திருநாவுக்கரசிடம் போனேன். மறுக்கக்கூட இல்லை.

"ஹாஸ்டல் ஓனர் கேட்டாரு, குடுத்தேன். ஜெனரேட்டருக்குப் பதிலா அது ஓடிகினு கீது. இன்னா தப்பு? படுத்துகினு கீற நேரம் சும்மாதானம்மா போவுது?"

"அவங்ககிட்ட கேட்டீங்களா?"

"கேட்டா வேணான்னுவாங்க."

சொல்லிவிட்டுச் சிரித்தார்.

"உலகம்மாளோட அந்தச் சாயங்காலத்தத் திருப்பிக் குடுங்க."

"அது எங்கம்மா கீது? மோட்டார் ஓடிச்சி, டேங்க் ரொம்பிச்சி. முடிஞ்சிபோச்சி."

டேங்க் ரொம்பிச்சாம்! ஒரு புள்ள பொறந்த சேதியப் போட்டுத் தண்ணி எறைச்சிருக்கான். அவன், இவன் என்றுதான் எழுதுவேன். இனி என்ன மரியாதை?

மார்ச் 30, ஞாயிறு

சங்கக் கூட்டம். அந்தோணிராஜ் தரையையே பார்த்துக்கொண்டிருந்தான். அவனும் என்னைப்போல ஊரை விட்டு வந்து வாடகை அறையில் படுக்கிறவன்தானே? ஹாஸ்டல் ஓனர் சங்கத்துக்குப் பெரிய ஷெட் தருகிறாராம். அதிலேயே எல்லோர் வாயும் அடைத்துவிட்டது.

உமாதேவி மட்டும் எழுந்தாள். "எங்கம்மாவும் ஷிப்ட் பாத்துட்டு வந்து படுக்கறவங்கதான். எங்க வூட்லயும் ஒயர் இழுப்பியாண்ணா?"

ஹாஸ்டல் கலத்தை எடுக்கலாமா என்று திருநாவுக்கரசு வாக்கெடுப்பு வைத்தான். கை தூக்கச் சொன்னான். எங்கள் பக்கம் நானும் அவளும்தான். ஷெட் சாவியை மேசைமேல் எறிந்துவிட்டு வந்தேன். மெதுவாக வைத்திருக்கலாம். ஏன் வைக்கணும்?

ஏப்ரல் 2, புதன்

அறை அறையாகப் போய்ச் சொன்னேன். நம்புவார்களா என்று பயம். ஒவ்வொருத்தியும் அவளவள் கட்டிலைப் புரட்டிப் பார்த்தாள். அதற்குமேல் நான் பேச வேண்டியிருக்கவில்லை.

ஏப்ரல் 6, ஞாயிறு

பட்டப்பகலில் கட்டில்களை வெளியே இழுத்துப் போட்டோம், சர்வீஸ் ரோட்டோரம். கம்பெனி பஸ்கள் வேகம் குறைக்க, உள்ளேயிருந்த பெண்கள் எட்டி எட்டிப் பார்த்துக்கொண்டு போனார்கள். சசிகலா போலீசைக் கூப்பிடுவேன் என்று கத்திக்கொண்டே இருந்தார். பக்கத்து அறைப் பாண்டிச்செல்வி உள்ளே போய் வார்டன் கட்டிலையே இழுத்து வந்து கவிழ்த்தாள். அதிலும் பட்டை. சசிகலா அப்படியே படியில் உட்கார்ந்துவிட்டார்.

உமாதேவி கட்டிங் பிளேயரோடு வந்து சேர்ந்தாள். சுவரோர ஒயர்களை அறுக்க அறுக்க உள்ளே விளக்குகள் மங்கின. ஆபீஸ் ரூம் ஏசி நின்றது. திருநாவுக்கரசு மூச்சிரைக்க ஓடி வந்தான்.

"நாசம் பண்ணாதீங்கம்மா! எத்தினி வருஷத்து உழைப்பு!"

உலகம்மாள் யாரிடமும் குரல் உயர்த்தாதவள். அவன் முகத்துக்கு நேரே போய் நின்றாள்.

"யாரு உழைப்பு வே?"

அவன் வழியை விட்டு விலகினான். ஸ்டோர் ரூம் பூட்டை உடைத்தோம். கலத்தை நானே பிரித்தேன். பிரித்து முடித்தால் கோபம் தணியும் என்று நினைத்தேன். இல்லை. இப்போதும் பல்லைக் கடித்துக்கொண்டுதான் எழுதுகிறேன். அந்தக் குழந்தைக்கு உலகம்மாள் என்ன பேர் சொன்னாள் என்று அவளுக்கு அக்காதான் சொல்ல வேண்டியிருக்கிறது!

ஏப்ரல் 9, புதன்

ஓனர் எங்களைக் காலி செய்யச் சொல்லிவிட்டான். சுங்குவார்சத்திரத்தில் ஒரு மாடி வீடு கிடைத்திருக்கிறது. தண்ணீர் கீழேயிருந்து தூக்க வேண்டும். தூக்குவோம்.

மே 18, ஞாயிறு

அந்தோணிராஜ் வந்தான். உள்ளே கூப்பிடவில்லை, வாசலிலேயே நின்றான். திருநாவுக்கரசு இருங்காட்டுக்கோட்டையில் ஒரு ஹாஸ்டலுக்குப் புதுக் கலம் செய்து கொடுத்திருக்கிறானாம். "அதப் பிரிக்கப் போனா நானும் வாரேன்," என்றான். அன்றைக்குக் கை தூக்கியிருக்க வேண்டியதுதானே என்று நாக்குவரை வந்தது. உமாதேவியையும் கூட்டிக்கொண்டு மூவரும் பஸ் ஏறினோம்.

முன்பின் தெரியாத பெண்களிடம் எப்படி ஆரம்பிப்பது, யார் நம்புவார்கள்? பஸ் முழுக்க அதே யோசனை.

சந்து திரும்பினோம். தெரு நெடுக, கவிழ்த்துப் போட்ட கட்டில்கள்.

வாசற்படியில் ஒரு பெண் தலை பின்னிக்கொண்டிருந்தாள். எங்களை மேலும் கீழும் பார்த்தாள்.

"ஒயர் போட வந்தீங்களா?"

"இல்ல, அறுக்க வந்தோம்."

"அறுத்தாச்சு," என்று சொல்லிவிட்டுப் பின்னலைத் தொடர்ந்தாள்.