கல்லாங் ஆற்றோரத்து வீடு

சிங்கப்பூர்,
14-12-1961

அன்புள்ள அம்மாவுக்கு, தனசேகரன் வணங்கி எழுதுவது. நான் நலமே. உங்கள் மூட்டுவலி குறைந்ததா?

எண்பது வருடங்களுக்கு முன் நம் தஞ்சாவூரிலிருந்து வந்து, இங்கே செங்கல் சூளை வைத்த மாரிமுத்து என்பவர் கட்டிய ஆற்றோர வீட்டை, அரசாங்கம் அடுக்குமாடி கட்ட எடுத்துக்கொண்டதால், நான் வேலை செய்யும் கம்பெனி ஆட்கள் போன வாரம் இடித்தோம். அவருடைய பேத்தி பூரணத்தம்மாள் அதில் தனியாக இருந்தார். கதவைப் பிடித்துக்கொண்டு என்னிடம் கேட்டார்:

"எந்த ஊரு தம்பி?"

"தஞ்சாவூருங்க."

"எங்க தாத்தா ஊருக்காரன் நீயே இடிக்க வந்தியா?"

அவரை வெளியே இழுக்கச் சொல்லி எங்கள் மேஸ்திரி கத்தினார். நான்தான் அந்த அம்மாளின் விரல்களைக் கதவிலிருந்து பிரித்தேன். இரண்டு நாள் மழையில் ஆற்றங்கரையிலேயே கிடந்தவர், காய்ச்சல் கண்டு இறந்துபோனார். உறவென்று யாரும் வராததால் நானே கொள்ளி வைத்தேன்.

கவலைப்படாதீர்கள், எனக்கு ஒன்றுமில்லை. கோயில் விபூதி கொஞ்சம் அனுப்புங்கள். வேலைக்கு ஏற்றிப்போக லாரி வந்துவிட்டது.

பெற்ற தாய் நீங்கள் இருக்கும்போது இன்னொருவருக்குக் கொள்ளி வைத்தது தப்பா, அம்மா? உடனே எழுதுங்கள்.

தனசேகரன்