பாஞ்சாலிக்கா பயம்?

பிரம்மதேசம்,
நவம்பர் 6.

அன்பு மகன் அறிவுச்செல்வனுக்கு அம்மா முத்தத்தோடு எழுதுவது. மாதா புண்ணியத்தில் இங்கே நானும் உன் மாமா ராயப்பனும் அத்தையும் சுகமாக இருக்கிறோம். பஹ்ரைனில் நீயும் உன் போட்டில் வேலை செய்கிற பிள்ளைகளும் கை கால் சுகத்தோடு இருக்கிறீர்களா, கடல் உங்களைப் படுத்தாமல் இருக்கிறதா? போனில் பேசலாம்தான், ஆனால் நீ பேசுவதில் பாதி காற்று இரைச்சலில் போய்விடுகிறது, மீதிப் பாதியில் நான் அழுதுவிடுகிறேன். கூட்டேரிப்பட்டு சீனுவாசன் லீவு முடிந்து உன் பக்கமே திரும்பி வருகிறான் என்று தெரிந்ததும் நிதானமாக எழுத உட்கார்ந்தேன். அவன் கையில் வறுத்த மல்லாட்டையும், அதுதான் நீ வேர்க்கடலை என்பாயே, கேப்பை மாவும் கொடுத்தனுப்பியிருக்கிறேன். கருவாடு எங்கே என்று கேட்காதே, இங்கே விற்கிற கருவாட்டை நம் வீட்டுப் பூனை மோந்துகூடப் பார்க்காது.

ஒரு வருஷம் நான் மெட்ராஸுக்குள் கால் வைக்கக் கூடாது என்று போலீசு ஆர்டர் போட்டதும், மாமா வந்து என்னை இங்கே அழைத்துக்கொண்டு வந்ததும் உனக்குத் தெரியும். பிறந்த ஊர்தானே, ஓய்வாக இரு என்று எல்லோரும் சொல்கிறார்கள். சின்ன வயதில் உன் அப்பாவைக் கட்டிக்கொண்டு காசிமேட்டுக்குப் போனவளுக்கு இது எப்படியடா சொந்த ஊர்? விடிகாலையில் விழித்தால் மீன் ஏலம் கூவுகிற சத்தம் இல்லை, டீசல் வாடை இல்லை, ஐஸ் உடைக்கிற சத்தம் இல்லை. மயில்தான் கத்துகிறது. வாரா வாரம் ஸ்டேஷனில் கையெழுத்துப் போடப் போனால் அங்கே இருக்கிற ஏட்டம்மா, "இன்னாம்மா பண்ண நீ, கொலையா?" என்று கேட்டாள். பிராந்தி பாட்டில் விற்றேன் என்றேன். இல்லையென்று நான் என்றைக்கும் சொன்னதில்லை, கடை மூடின நேரத்தில் விற்றேன், திரும்பத் திரும்பக் கேஸ் போட்டார்கள், உள்ளேயும் இருந்துவிட்டு வந்தேன். நீ வெளிநாடு போனதும் அதை விட்டுவிட்டு மீன் வறுத்து விற்கிறேன் என்று தெருவுக்கே தெரியும். போலீசு லிஸ்டில் இருந்து என் பேரை அடிக்கத்தான் ஒருவருக்கும் தெரியவில்லை.

எனக்கு இருந்த ஒரே கவலை கல்லறைத் திருநாள்தான். உன் அப்பா போனதிலிருந்து ஒரு நவம்பர் இரண்டாம் தேதிகூட நான் தவறவிட்டதில்லை. சுண்ணாம்பு அடித்து, சாமந்தி மாலை போட்டு, மெழுகுவர்த்தி ஏற்றி, இருட்டும்வரை பக்கத்திலேயே உட்கார்ந்திருப்போமே. முதல் வருஷம் நீ அவர் பேரைப் பெரிதாக எழுதப்போய் கடைசி எழுத்துக்கு இடம் பற்றாமல் கீழே எழுதினாய், அப்பா இருந்தால் கேலி பண்ணியே உன்னைக் கொன்றிருப்பார் என்று இருவரும் அழுகையோடு சிரித்தோம். அந்த நாளில் சுற்றிலும் எல்லாக் கல்லறையும் வெளிச்சமாக இருக்க அந்த மனுஷன் மட்டும் இருட்டில் கிடப்பாரா என்று நினைத்தாலே எனக்குச் சோறு இறங்கவில்லை. அதற்காகத்தான் ஐகோர்ட்டில் கேஸ் போட்டேன், போலீசு மேல் கோபத்தில் இல்லை.

விழுப்புரம் வக்கீல் பிரபாவதிதான் நடத்தினார்கள். ஒரு ஆளை இப்படி ஊரைவிட்டு அனுப்ப வேண்டுமானால், அவருக்குப் பயந்துகொண்டு யாரும் சாட்சி சொல்ல வருவதில்லை என்று போலீசு காட்ட வேண்டுமாம். ஆர்டரில் அப்படிப் பயந்தவர் என்று ஒரே ஒரு பேர்தான் இருந்தது, யார் தெரியுமா, நம் எதிர்வீட்டுப் பாஞ்சாலி! எனக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. நீ தொட்டிலில் கிடந்த நாளிலிருந்து குழாயடியில் என் குடத்தை உதைத்துத் தள்ளிவிட்டுத் தன் குடத்தை வைக்கிறவள், என் மேல் புகார் கொடுத்ததே அவள்தான். அவளிடம் மட்டும் போகாதீர்கள், இன்னும் நாலு சேர்த்துச் சொல்லுவாள் என்று வக்கீலம்மாவிடம் சொன்னேன். அவர்கள் கேட்காமல் போய் ஆர்டரைப் படித்துக் காட்டியிருக்கிறார்கள். பாஞ்சாலிக்கு வந்ததே கோபம்! "இன்னாது, நானு சவுரிக்குப் பயந்துக்கினு கீறேனா? எவன் எழுதனான் அத? அவ மூஞ்சிக்கு நேராத்தான் போய் புகார் குடுத்தேன், இன்னொரு தபா வித்தான்னா இன்னொரு தபா குடுப்பேன். எங்க வேணா வந்து சொல்றேன், எங்க கையெழுத்து போடணும் சொல்லு" என்று தெருவே கூடுகிற மாதிரி கத்தினாளாம். அதையே வக்கீலம்மா ஒழுங்கான வார்த்தையில் எழுதி, அவள் கையெழுத்தையும் வாங்கி, கோர்ட்டில் கொடுத்துவிட்டார்கள். ஜட்ஜய்யா படித்துப் பார்த்துவிட்டு, பயந்ததாகச் சொல்லப்படுகிற அம்மாவே பயமில்லை என்கிறார், சமீபத்தில் ஒரு கேஸும் இல்லை, பிறகு எதற்கு இவரை அனுப்பினீர்கள் என்று கேட்டு ஆர்டரை ரத்து பண்ணிவிட்டார். என்னை விரட்டினதும் பாஞ்சாலி வாய்தான், திரும்பக் கூப்பிட்டதும் அந்த வாய்தான்.

ஜெயித்தும் திருநாளுக்குப் போக முடியவில்லையடா. தீர்ப்பின் நகல் கைக்கு வராமல் உள்ளே போனால் பழைய ஆர்டரை வைத்தே பிடித்துவிடுவார்கள், பொறுத்துக்கொள்ளுங்கள் என்று வக்கீலம்மா கண்டிப்பாகச் சொல்லிவிட்டார்கள். இரண்டாம் தேதி மனசு கேட்காமல் மெழுகுவர்த்தியைப் பையில் போட்டுக்கொண்டு திண்டிவனம் பஸ் ஸ்டாண்டுக்குப் போய் நின்றேன். மெட்ராஸ் பஸ் ஒவ்வொன்றாகப் புறப்பட்டுப் போனது. ஒரு கண்டக்டர், "ஏறும்மா, சீட்டு கீது, ஜல்தி" என்று என்னையே பார்த்துக் கூப்பிட்டார். ஏறக் கூடாதே, பையை அணைத்துக்கொண்டு தள்ளி நின்றேன். பொழுது சாய்கிற நேரத்தில் போனில் ஒரு படம் வந்தது. உன் அப்பா கல்லறை, மாலையும் மெழுகுவர்த்தியுமாக, தலையிலிருந்து கால்வரை பச்சைக் கலரில். கூடவே பாஞ்சாலி குரல், "போட்டுக்கு அட்ச்சி மீந்த பெயின்ட்டுதான் கெட்ச்சுது சவுரி. புடிக்கலன்னா நேர்ல வந்து சண்ட போடு." மீன்பிடித் தடைக்காலத்தில் உன் அப்பா போட்டுக்குப் பெயின்ட் அடித்துவிட்டு நகமெல்லாம் பச்சையாக வந்து உட்கார்ந்து உனக்குச் சோறு ஊட்டுவாரே, அந்தப் பச்சை. பஸ் ஸ்டாண்ட் என்றும் பார்க்காமல் உட்கார்ந்து அழுதேன்.

நகல் நேற்று வந்துவிட்டது. நாளைக் காலை பஸ்ஸில் புறப்படுகிறேன், மாமா வந்து ஏற்றிவிடுகிறார். மெழுகுவர்த்தி பையிலேயே இருக்கிறது, நேராக அப்பாவிடம் போய்விட்டுத்தான் வீட்டைத் திறப்பேன். நீ வலை இழுக்கும்போது கையுறை போடாமல் இழுக்காதே, வெயிலில் தலைக்குத் துண்டு கட்டு, ஞாயிற்றுக்கிழமை ஒரு ஜெபமாவது சொல். மாதா உன்னைக் கண்ணும் கருத்துமாகக் காப்பாற்றட்டும், நல்ல உடம்போடு ஊர் வந்து சேர். மறக்காமல் பாஞ்சாலிக்கு ஒரு போன் போடு. நன்றி கின்றி என்று சொல்லிவிடாதே, அவளுக்குப் பிடிக்காது. பச்சை நன்றாகவே இல்லை, அம்மா சண்டை போட வந்துகொண்டிருக்கிறாள் என்று மட்டும் சொல்.

உன் அம்மா,
காசிமேடு சவுரியம்மாள்.