ஜகார்த்தா நாடகத்தில் உன் பெயர்

ஹம், ஜேர்மனி, 17.9.2006

அன்பு மகள் லவினியாவுக்கு,

ஆண்டவர் புண்ணியத்தில் நானும் அம்மாவும் நல்ல சுகம். ஜகார்த்தா வெக்கையில் நீ காய்ச்சல் தடிமன் இல்லாமல் இருக்க வேண்டுமென்று மாதாவை மன்றாடுகிறோம்.

அப்பாவின் கையெழுத்தைக் கண்டு திகைத்திருப்பாய். வங்கியில் செய்த அவுஸ்பில்டுங் தொழிற்பயிற்சியை விட்டுவிட்டு இந்தோனேசியத் தொலைக்காட்சி நாடகங்களுக்கு ஒலி சேர்க்கப் போகிறேன் என்று நீ புறப்பட்டபோது, கூத்துக்காரரோட போறவள் எனக்கு மகள் இல்லை எண்டு சொன்னவன் நான். எட்டு மாதமாக நீ அழைத்தபோதெல்லாம் தொலைபேசிக்கு வரவும் இல்லை. இப்போது நடந்ததைக் கேள். எங்கள் தொழிற்சாலையில் பெட்டி அடுக்கும் பகுதிக்கு ரத்னா என்று ஓர் இந்தோனேசியப் பெண் புதிதாக வந்திருக்கிறாள். சாப்பாட்டு நேரத்தில் பிள்ளைகளைப் பற்றிக் கேட்டாள். மகள் உங்கட ஊரிலதான், ஏதோ நாடகக் கொம்பனியில எண்டு முகத்தைத் திருப்பிக்கொண்டு சொன்னேன். எந்த நாடகம் என்றாள். எனக்கு எங்கே தெரியும்? அம்மாவிடம் கேட்டு மறுநாள் பெயரைச் சொன்னதும் கரண்டியைப் போட்டுவிட்டுத் துள்ளினாள். பண்டுங்கிலிருந்து தங்கை ஒளித்தட்டு அனுப்புகிறாளாம், இங்குள்ள அவர்களின் ஆட்கள் எல்லோரும் கைமாற்றிப் பார்க்கிறார்களாம். முந்தி நாங்கள் பிறநாட்டு நாடகங்களைப் பாத்துக்கொண்டு கிடந்தம், இப்ப எங்கட பாட்டையும் நாடகத்தையும் மலேசியாக்காரரே விடாமல் பாக்கினம் என்று அவளுக்குச் சரியான பெருமை.

போன ஞாயிறு பூசை முடிந்து வந்து, அவள் தந்த ஒளித்தட்டை நாங்களும் போட்டுப் பார்த்தோம். ஒரு சொல்லும் விளங்கவில்லை, ஆனாலும் அம்மா அழுதாள். கடைசியில் எழுத்துகள் ஓடும்போது, நிப்பாட்டுங்கோ, நிப்பாட்டுங்கோ எண்டு கத்தினாள். லவினியா ஞானப்பிரகாசம் என்று இருந்தது. நான் நாலு தரம் பின்னுக்கு ஓட்டிப் பார்த்தேன், மகள்.

நேற்று டோர்ட்முண்டில் ரத்னா வீட்டில் விருந்து. டங்டுட் என்று அவர்கள் ஊர் ஆட்டப் பாட்டுப் போட்டார்கள், மேளம் தபேலா மாதிரியே முழங்குகிறது, அம்மா எழும்பி ஆடினாள் என்றால் நம்புவாயா? எல்லோரும் என்னைச் சூழ்ந்துகொண்டு, கதாநாயகி கடைசியில் யாரைக் கட்டுவாள், மகள் சொல்லியிருப்பாளே என்று நச்சரித்தார்கள். சொல்லப்படாது எண்டவள் எண்டு சிரித்து மழுப்பினேன். மகளோடு நான் கதைக்கிறதில்லை என்று சொல்ல வாய் வரவில்லை. திரும்பி வரும்போது ரயிலில் அம்மாவின் முகத்தைப் பார்க்கவும் முடியவில்லை. பிழை என்னுடையது. மன்னித்துக்கொள்.

நேரத்துக்குச் சாப்பிடு, கண்ட தண்ணீரையும் குடியாதே. மாதா உன்னையும் உன் வேலையையும் ஆசீர்வதிப்பா. மார்கழியில் நத்தாருக்கு இரண்டு கிழமை லீவு கேட்டு அன்ட்ராக் படிவம் கொடுத்துக் கையெழுத்தும் வாங்கிவிட்டேன், அம்மாவும் நானும் வாறம். விமான நிலையத்துக்கு வேறு யாரையும் அனுப்பிவிடாதே, நீயே வந்து நில்.

உன்னைக் காணக் காத்திருக்கும் அப்பா,
இ. ஞானப்பிரகாசம்