காது மடல்

ஜனவரி 14, 2025. துபாய்

அல் கூஸில் ஒரு கிடங்கு. உள்ளே அட்டையில் பளிங்கு வில்லா செட். பிரிட்டிஷ் தொடர். எனக்கு வில்லாவின் வேலைக்காரி வேடம்.

கூடவே வந்திருக்கும் அம்மா சோறு போட்டுக்கொண்டே கேட்டாள்: "லண்டன் டிவில நர்ஸு, மருந்துக்கடைக்காரி, பொணத்தோட அம்மா. இங்க வந்தும் வேலைக்காரிதானாடி, நீலா?"

"வசனம் நெறைய இருக்கும்மா."

முதலாளி வேடம் ராஜீவுக்கு என்று சொல்லவில்லை.

ஜனவரி 15

முன்பு லண்டனில் ஒரு மருத்துவமனைத் தொடரில் ராஜீவ் டாக்டர், நான் நர்ஸ். "ஒரே வார்டுல ரெண்டு தமிழ் முகம் எதுக்கு?" என்று தயாரிப்பாளரிடம் கேட்டவன் அவன். சில வாரங்களில் கதையில் ஒரு தொலைபேசி ஒலித்தது. நான் கார் விபத்தில் செத்துப்போயிருந்தேன். என் சாவைக் காட்டக்கூட இல்லை. போனைப் பிடித்தபடி அவன் அழுததைக் காட்டினார்கள்.

அந்த அழுகைக்கு விருது.

ஜனவரி 21

என் குளோசப். கேமராவுக்குத் தெரியாவிட்டாலும் எதிரே நின்று தன் வசனத்தைச் சொல்வது நடிகனின் மரியாதை. அவன் கேரவனுக்குப் போய்விட்டான். உதவி இயக்குநர் ஃபவாஸ் தாளைப் பார்த்து வாசித்தான் — கரண்ட் பில் வாசிப்பதுபோல.

"ஸாரி சேச்சி, எனக்கு அழ வராது."

அவன் குளோசப் நாளை மறுநாள்.

ஜனவரி 23

வேலைக்காரியிடம் தன் குற்றத்தைச் சொல்லி அவன் அழ வேண்டும். நான் போய்விடவில்லை. எதிரே நின்றேன். வசனம் பிசகவில்லை. கண்ணை மட்டும் கொடுக்கவில்லை. அவனுடைய இடது காது மடலையே பார்த்துக்கொண்டிருந்தேன். பார்ப்பவர்களுக்கு வித்தியாசம் தெரியாது. எதிரே நிற்பவனுக்குத் தெரியும்.

டேக். டேக். மறுபடி. கண்ணீர் வரவில்லை.

"எங்கடி பாக்குற?" — பல்லைக் கடித்துக்கொண்டு.

"உன்னத்தான்."

பொழுது போய்விட்டது. கேமராவை என் பக்கம் திருப்பச் சொன்னார் இயக்குநர். அவன் முதுகு, என் முகம். அவன் குளோசப் கலாஸ்.

அற்பமா? அற்பம்தான். இன்று நன்றாகத் தூங்குவேன்.

அக்டோபர் 9. லண்டன்

ஒளிபரப்பாயிற்று. எல்லோரும் அந்தக் காட்சியைப் பற்றித்தான் பேசுகிறார்கள். அடுத்த சீசனில் வேலைக்காரிக்குப் பெயர் வைக்கிறார்களாம்.

அம்மா: "பேரு வச்சாலும் பாத்திரம் தேய்க்கணும்ல?"

பிப்ரவரி 3, 2026. துபாய்

ராஜீவ் இந்த சீசனில் இல்லை. நானா விலக்கினேன்? இல்லை. ஆனால் முதலாளி எப்படிச் சாகலாம் என்று கதைக்குழு என்னையும் கேட்டபோது, "போன்ல" என்றேன்.

இன்று அந்தக் காட்சி: முதலாளி செத்த செய்தியைப் போனில் கேட்டு வேலைக்காரி அழ வேண்டும். காலையில் அவனிடமிருந்து செய்தி: "போன்லயே முடிச்சிட்டியா? சரி. நல்லா அழு, நீலா. நீ செத்தப்போ நான் நெஜமாத்தான் அழுதேன்."

மறுமுனையில் ஃபவாஸ் வாசித்தான். டேக். டேக். எங்கே பார்ப்பதென்று தெரியவில்லை. கண்ணீர் வரவில்லை.

ஒப்பனை செய்யும் நாகவள்ளி அருகில் வந்து மெல்லக் கேட்டார்: "கிளிசரின் வைக்கவா, மேடம்?"

"வைங்க."

பார்ப்பவர்களுக்கு வித்தியாசம் தெரியாது. அவனுக்குத் தெரியும்.